மெடான்லேர்ந்து வந்தவர்

அந்தப் புஸ்தகத்த மூடுங்க தம்பி. மூடுங்க மொதல்ல. படிச்ச வரைக்கும் போதும்.

"அன்று பத்து ஆண்கள் கூடி ஓதினர். இந்தத் தீவில் யூதர்கள் பத்துப் பேராகக் கூடிய கடைசி நாள் அதுவே." என்னமா எழுதியிருக்கான் பாருங்க. கீழ வரிசையா ஒம்போது பேரோட பேரு. அப்பன் பேரோட, பாட்டன் பேரோட. பத்தாவதா என்ன போட்டிருக்கு? இன்னொரு தடவ படிங்க, எனக்குக் கண்ணு தெரியாது, காது நல்லாக் கேக்கும். "மெடானிலிருந்து வந்த ஒருவர்."

மெடானாவது மண்ணாங்கட்டியாவது. அது என் வீட்டுக்காரரு. காளிமுத்து. பொறந்தது கெடாவுல ரப்பர் பால் எடுக்குற கித்தாத் தோட்டத்துல, பொழச்சது பினாங்குத் துறைமுகத்துல மூட்ட தூக்கி. மெடானுக்குப் போற கப்பல்ல சாமான் ஏத்தியிருக்காரே தவிர, அந்தக் கப்பல்ல ஒரு கால வச்சதில்ல. எழுதிக்கங்க. காளிமுத்து. காவன்னா போட்டு எழுதுங்க.

கோப்பியக் குடிங்க, ஆறிடும். நீங்களும் யூதக்காரங்க கதை கேக்கத்தான் வந்திருக்கீங்க, தெரியும். போன வருஷம் ஒரு வெள்ளைக்காரி வந்தா. நான் வேல செஞ்ச வீட்டு மொசெல் மிஸ்ஸி வெள்ளிக்கிழமை என்ன சமைப்பாங்க, எத்தன விளக்கு ஏத்துவாங்க, மீனுக்கு மஞ்சத்தூள் போடுவாங்களான்னு மூணு மணி நேரம் கேட்டா. பதினாறு வருஷம் அந்த வீட்டுல குனிஞ்சு நிமிந்தவ எதிர்ல உக்காந்திருக்கேன், நீ எப்படிம்மா இருக்கன்னு ஒரு வார்த்த கேக்கல. போகும்போது என் கையப் புடிச்சுக்கிட்டு அழுதா. எனக்காக இல்ல, மிஸ்ஸிக்காக.

சரி, கேளுங்க. கோவத்துல முன்ன பின்ன வரும், நீங்கதான் ஒழுங்கு பண்ணிக்கணும்.

அவங்க பாக்தாத்லேர்ந்து வந்தவங்க. பாட்டன் காலத்துல கப்பல்ல வந்து, துணி யாவாரம், அபினி யாவாரம், அப்புறம் வீடு வாசல்னு இருந்தவங்க. ஜப்பான்காரன் வர்றதுக்கு முன்னாடி முப்பது குடும்பம் இருந்துச்சாம். அவங்க கோயிலு ஒண்ணு, அவங்க சுடுகாடு ஒண்ணு. சுடுகாடுன்னா சுட மாட்டாங்க, பொதைப்பாங்க. அந்த ரோட்டுக்கே யாஹுடி ரோடுன்னுதான் பேரு, யாஹுடின்னா மலாய்ல யூதன். அப்புறம் அதையும் மாத்திட்டாங்க. ஆளே இல்லாதப்ப பேரு எதுக்குன்னு நெனச்சாங்களோ, என்னமோ.

நான் வேலைக்குப் போனப்ப பத்துப் பன்னெண்டு வீடு இருந்துச்சு. அறுபத்தேழுல எங்கயோ அரபு நாட்டுப் பக்கம் சண்ட வந்துச்சு பாருங்க, அதோட யாஹுடிங்கிறது இங்க ஏச்சு வார்த்தையாப் போச்சு. அந்தச் சண்டைக்கும் மிஸ்ஸியோட அண்ணன், எங்க மொதலாளி ஹெஸ்கேல் தவுக்கேக்கும் என்ன சம்பந்தம்? அந்த மனுசன் மலாய்ல கனவு காணுவாரு. நாசி லெமாக், அந்தத் தேங்காப்பால் சோறு இல்லேன்னா பசியாற மாட்டாரு. அவரு வாசல்ல எவனோ கரியால எழுதிட்டுப் போனான். நான்தான் தேச்சுக் கழுவுனேன். பக்கத்து வீட்டு ஹாஜி ஓமார் வெளிய வந்து பாத்துட்டு, உள்ள போயி இன்னொரு வாளித் தண்ணி கொண்டாந்தாரு. மலாய்க்காரங்க எல்லாம் கெட்டவங்கன்னு எழுதாதீங்க. எல்லாரும் நல்லவங்கன்னும் எழுதாதீங்க. ஹாஜி ஓமார் தண்ணி கொண்டாந்தாருன்னு எழுதுங்க, அது போதும்.

ஒவ்வொரு வீடாப் பெட்டி கட்டிச்சு. மெல்பர்ன், சிங்கப்பூரு, எங்கெங்கயோ. தவுக்கேயோட ஒரே மகன் நிஸ்ஸிம், அவனும் சிங்கப்பூருக்குப் போயிட்டான். அண்ணனும் தங்கச்சியும் மட்டும் அந்தப் பெரிய வீட்டுல. தவுக்கேக்குப் பொஞ்சாதி இல்ல, எப்பவோ போயிட்டாங்க. மிஸ்ஸி கல்யாணமே கட்டல.

எழுபத்தொண்ணு, சனவரி. வியாழக்கிழம பொழுது விடியறப்ப தவுக்கே போயிட்டாரு. தூக்கத்துலயே.

இப்ப நான் சொல்றத நல்லாக் கவனிங்க, இதுலதான் எல்லாம் இருக்கு. அவங்கள்ல மண்ணு போட்டு மூடுனதும் மகன் நின்னு ஒரு செபம் ஓதணும், மகன் இல்லேன்னா வேற ஒருத்தரு. கதீஷ்னு சொல்வாங்க. அத ஓதுறதுக்குக் கூடப் பத்து ஆம்பள நிக்கணும். பத்துன்னா பத்து. ஒம்போது பேரு இருந்து ஓதுனா அது ஓதுனதா ஆகாது. பொம்பளைங்கள எண்ண மாட்டாங்க. பதிமூணு வயசுப் பொடிப்பயல எண்ணுவாங்க, அந்த வீட்டையே தாங்குன மிஸ்ஸிய எண்ண மாட்டாங்க. மிஸ்ஸிக்கு அதுல வருத்தமே கெடையாது. எனக்குத்தான் பத்திக்கிட்டு வரும்.

அப்ப ஊருல இருந்த ஆம்பளைங்க எத்தன தெரியுமா? ஒம்போது. அக்கரையிலேர்ந்து பெர்ரியில வர்ற நொண்டிக் கெழவரையும் சேத்து ஒம்போது. நிஸ்ஸிம் வந்தா பத்து. மகனும் வந்த மாதிரி, கணக்கும் நெறஞ்ச மாதிரி. தந்தி போச்சு. வெள்ளிக்கிழம மத்தியானம் ரயில்ல வந்துடுறேன், காத்திருங்கன்னு பதில் வந்துச்சு. வெள்ளிக்கிழம பொழுது சாயறதுக்குள்ள அடக்கம் பண்ணியாகணும். சாஞ்சா அவங்களுக்குச் சபத்து, ஓய்வு நாளு, ஒரு துரும்பக்கூட நகத்த மாட்டாங்க.

வெள்ளிக்கிழம மத்தியானம் ரெண்டு மணிக்கு டெலிபோன் வருது. ஈப்போவுக்குக் கீழ தண்டவாளத்துல தண்ணி. ரயில் நிக்குது. எப்ப கெளம்பும்னு தெரியாது.

ஓதிக் குடுக்குறவரு மெனாஷேன்னு ஒரு கெழவரு. அவரு கடியாரத்தப் பாத்தாரு. அஞ்சரை வரைக்கும் பாப்போம், அதுக்கு மேல ஓதாமதான் மூடணும்னு சொல்லிட்டாரு. மிஸ்ஸி சமையக்கட்டுக்கு வந்து, சாந்து அரைக்கிற கல்லு மேல உக்காந்தாங்க. அந்தக் கல்லு மேல அவங்க உக்காந்து நான் பாத்ததே இல்ல. "ஓதாமப் போறதா செங்கா? எங்க அண்ணன் ஓதாமப் போறதா?" அப்படீன்னு மலாய்ல என்னக் கேக்குறாங்க. திரும்பத் திரும்ப அதையே கேக்குறாங்க.  பதினாறு வருஷம் என்கிட்ட உப்பு பத்தலன்னு கூடக் கொரல ஒசத்திச் சொல்லாத பொம்பள.

இன்னொரு யூதன் ஊருல இருந்தான். யாரும் அவன் பேர எடுக்க மாட்டாங்க, நான் எடுக்குறேன். ஷாவுல். சின்ன வயசுல தவுக்கே வீட்டுலதான் சாப்பிட்டு வளந்தான். அறுபத்தேழுக்கு அப்புறம் சாமுவேல்னு பேர மாத்திக்கிட்டு, நான் செராணி, வேதக்காரன்னு சொல்லிக்கிட்டு, கம்பெனியில நாக்காலி போட்டு உக்காந்தவன். நான் ஓடுனேன். ஆமா, சேலையத் தூக்கிச் சொருகிக்கிட்டு வெயில்ல ஓடுனேன். கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் நிக்கிறான். "தவுக்கே போயிட்டாரு, பத்துப் பேரு வேணும், ஒரு மணி நேரம் வந்து நில்லுங்க"ன்னு கெஞ்சுனேன். என்ன சொன்னான் தெரியுமா?

"நீ வீடு மாறி வந்துட்ட."

என் கையால சோறு வாங்கித் தின்னவன். வீடு மாறி வந்துட்டேனாம். அவன் நெத்தியில வேர்க்குது, கைலியில தொடச்சுக்கிறான். உள்ளேர்ந்து அவன் பொஞ்சாதி யாருன்னு கேக்குறா. "பழைய துணி கேட்டு வந்திருக்காங்க"ன்னான். நான் காறித் துப்பிட்டு வந்தேன். அவன் வாசல்லயே துப்புனேன். புஸ்தகத்துல அவன் பேரு இருக்கா பாருங்க. இருக்காது. அவனும் இல்ல, நாங்களும் இல்ல.

திரும்பி வர்ற வழியிலதான் எனக்கு அந்த யோசன வந்துச்சு. யாரும் சொல்லிக் குடுக்கல. பத்தாவது ஆளு என்ன செய்யணும்? நிக்கணும். மத்தவங்க ஆமீன்னா இவரும் ஆமீன்னு சொல்லணும். அவ்வளவுதானே? இந்த ஊருல ஆமீன் சொல்லத் தெரியாதவன் எவன் இருக்கான்? அஞ்சு வேளையும் காதுல விழுதே.

வீட்டுக்கு ஓடுனேன். அவரு வேல முடிஞ்சு வந்து குளிச்சுட்டு, சாமி படத்துக்கு முன்னாடி உக்காந்திருந்தாரு. தைப்பூசத்துக்கு மூணு வாரம் இருக்கு. காவடிக்கு மால போட்டிருந்தாரு. தாடி வளந்து நெஞ்சத் தொடுது. தரையிலதான் படுக்குறது, ஒரு வேளதான் சாப்பாடு. எதுக்கு வேண்டுதலா? புள்ளைக்குத்தான். கல்யாணமாகிப் பதிமூணு வருஷம். டாக்டரு ரெண்டு பேருக்கும் ஒண்ணும் இல்லைங்கிறாரு. தண்ணீர்மலைக் கோயில்ல நானும் அவரும் சேந்து நின்னு வேண்டிக்கிட்டோம், மூணு வருஷம் காவடி எடுக்குறதுன்னு. ரெண்டு எடுத்தாச்சு. அது மூணாவது.

"எழுந்திரிங்க, ஒரு எடத்துக்குப் போகணும்"னேன். எதுக்குன்னாரு. சொன்னேன். அவரு என்னையே பாத்தாரு. "கமலம், மால போட்டிருக்கேன். சாவுக்கெல்லாம் போகக் கூடாது."

அவ்வளவுதான் சொன்னாரு. அவரு எப்பவுமே அவ்வளவுதான் சொல்லுவாரு. எதுத்துப் பேசத் தெரியாத மனுசன். நான் வெளுத்து வாங்கிட்டேன். அங்க ஒரு பொம்பள அம்மிக்கல்லு மேல உக்காந்து அழுவுறா, நம்ம கல்யாணத்துக்குத் தாலி செஞ்சு போட்டவங்க அவங்க, உங்களுக்கு மால பெருசாப் போச்சா, முருகன் என்ன கோவிச்சுக்கிட்டு மயில்ல ஏறி ஓடிடுவாரா, சும்மா நிக்கிறதுக்கு என்ன வந்துச்சுன்னு கேட்டேன். அவரு அப்படியே உக்காந்திருக்காரு. மணி மூணரை. நான் என்ன செய்ய? நானே மாலையக் கழட்டி சாமி மாடத்துல வச்சேன். மஞ்ச வேட்டிய அவுக்கச் சொல்லிட்டு வெள்ள சட்ட, சிலுவாரு, கால்சட்டதான், எடுத்துக் குடுத்தேன். போட்டுக்கிட்டாரு.

தலைக்கு ஒண்ணு வேணுமே? அவங்க தல தெறந்து நிக்க மாட்டாங்க. ஹாஜி ஓமார் வீட்டுக் கதவத் தட்டி ஒரு சொங்கொக் கேட்டேன். எதுக்குன்னாரு. சாவு வீட்டுக்குன்னேன். அவரோட நல்ல தொப்பியாப் பாத்துக் குடுத்தாரு, கருப்பு வெல்வெட்டு. அன்னிக்கி ஜும்ஆ தொழுகைக்குப் போட்டுட்டு வந்தது, இன்னும் வேர்வ காயல. இப்ப நீங்களே பாருங்க தம்பி. முருகனுக்கு வளத்த தாடி, மலாய்க்காரரு தொப்பி, யூதக்காரரு சாவு. சிரிக்கிறீங்க. நானும் அப்ப சிரிச்சேன், ஆளு சேந்துட்டாங்கிற சந்தோஷத்துல. அவரு சிரிக்கல.

வழி நெடுகச் சொல்லிக் குடுத்தேன். பேரு கேட்டா யாக்கூப்னு சொல்லுங்க. ஊரு கேட்டா மெடான். தோட்டத்துல வளந்தேன், ஓதத் தெரியாது, மலாய் மட்டும்தான் வரும்னு சொல்லுங்க. துறைமுகத்துல வேல செய்யுறவருக்கு மலாய் தண்ணிபட்ட பாடு. அவரு நம்ம ஆளுங்கள்ல வெளுத்த நெறம் வேற. மெனாஷே கெழவரு ஒரு தடவதான் மேலயும் கீழயும் பாத்தாரு. அப்பன் பேரு என்னன்னாரு. இவரு யூசுப்னாரு. கெழவரு கையப் புடிச்சுக் குலுக்கி, கண்ணக் கசக்கிக்கிட்டு, "ஆண்டவன் அனுப்புன ஆளு நீ"ன்னாரு.

நான் சமையக்கட்டுக்கு ஓடி மிஸ்ஸிகிட்ட சொன்னேன். ஆளு கெடச்சாச்சு, மெடான்லேர்ந்து வந்தவரு, கப்பலுக்குக் காத்திருந்தவருன்னு. மிஸ்ஸி எழுந்து என் ரெண்டு கையையும் புடிச்சு முத்தம் குடுத்தாங்க. இந்தக் கையில. எச்சிப் பாத்திரம் தேச்ச கையில. அத யாரு புஸ்தகத்துல எழுதுவா?

ஆளு நெறஞ்சிருச்சு, இனி எதுக்குக் காத்திருக்கணும்னு நாலரைக்கே பெட்டியத் தூக்கிட்டாங்க. அக்கரைக் கெழவரு பொழுது சாயறதுக்குள்ள வீட்டுக்குப் போகணுமே, அதுக்கும் அவசரம். அவங்க பொம்பளைங்க சுடுகாட்டுக்குப் போறதில்ல. நான் போயி வெளிக் கேட்டுகிட்ட நின்னேன். ரோட்டுல நாலு தடிப்பயலுங்க சைக்கிள்ல நின்னு "யாஹுடி, யாஹுடி"ன்னு கத்துறானுங்க. ஹாஜி ஓமாரு பெட்டிக்குப் பின்னாலயே நடந்து வந்தவரு, திரும்பி ஒரு அதட்டு அதட்டுனாரு. பறந்துட்டானுங்க. உள்ள ஓதுற சத்தம் கேக்குது. ஆமீன், ஆமீன். அதுல என் வீட்டுக்காரரு கொரலு எனக்குத் தனியாத் தெரியுது. நல்ல கனத்த கொரலு அவருக்கு. எனக்கு அப்ப எவ்வளவு பெருமையா இருந்துச்சு தெரியுமா?

அஞ்சே காலுக்கெல்லாம் முடிஞ்சிருச்சு. அவங்கவங்க அவசர அவசரமாக் கெளம்புனாங்க. அக்கரைக் கெழவரு டாக்சி புடிச்சு பெர்ரிக்குப் போனாரு.

ஆறடிக்கப் பத்து நிமிஷம். ஒரு டாக்சி வந்து நிக்குது. நிஸ்ஸிம் எறங்கி ஓடி வர்றான். சிலுவாரு முட்டி வரைக்கும் சேறு. ரயில் நின்ன எடத்துலேர்ந்து எறங்கி நடந்து, ரோட்டுக்கு வந்து, லாரியக் கையக் காட்டி ஏறி வந்திருக்கான். அவன் வந்த பெர்ரியும் கெழவரு போன பெர்ரியும் நடுக்கடல்ல தாண்டிக்கிட்டிருக்கும். "ஆரம்பிச்சிட்டாங்களா?"ன்னு கேக்குறான். நான் முந்திக்கிட்டு, "முடிஞ்சிருச்சு ஐயா, நல்லபடியா முடிஞ்சிருச்சு, பத்துப் பேரும் இருந்தாங்க"ன்னேன்.

"எப்படிப் பத்து? பத்தாவது ஆளு நான்தானே?"

அப்படியே கேட்டுகிட்ட மண்ணுல உக்காந்துட்டான். உள்ள மூணு பேருதான் மிச்சம், மெனாஷேயும் இன்னும் ரெண்டு பேரும். மத்தவங்கள வீடு வீடாப் போயித் தேடிக் கூட்டியாறதுக்குள்ள பொழுது சாஞ்சிரும். அஞ்சரை வரைக்கும்னு மெனாஷே சொன்னாரில்ல? சொன்னபடி காத்திருந்து அஞ்சரைக்குத் தூக்கியிருந்தா, மண்ணு போடுற நேரத்துக்கு மகன் வந்து சேந்திருப்பான். எனக்குக் கணக்குப் போடத் தெரியாதுன்னு நெனைக்காதீங்க. அன்னிக்கி ராத்திரியே போட்டுட்டேன். ஆனா ரயில் தண்ணியில நிக்கும், இவன் எறங்கி நடந்து வருவான்னு நான் என்ன சோசியமா பாத்தேன்? நீங்களா இருந்தா என்ன செஞ்சிருப்பீங்க? சும்மா இருந்திருப்பீங்க. படிச்சவங்க சும்மாதான் இருப்பீங்க.

சரி, அதோட விட்டுதா? ஞாயித்துக்கிழம காலையில எழுந்து பாக்குறேன், அவரக் காணோம். எங்க போனாரு? மிஸ்ஸி வீட்டுக்கு. தானாவே போயி, பின்கதவுல நின்னு, நான்தான் யாக்கூப், என் பேரு காளிமுத்து, செங்கமலம் புருஷன்னு சொல்லிட்டு வந்திருக்காரு. யாரு கேட்டா? யாரு கேட்டான்னு கேக்குறேன். ஒருத்தருக்கும் தெரியாது. மெனாஷே கெழவரு சந்தோஷமா நோட்டுல எழுதி வச்சாச்சு. நிஸ்ஸிம் அழுது முடிச்சாச்சு. இவரு போயிக் கொட்டிட்டு வந்து, சாமி மாடத்துல கெடந்த மாலைய எடுத்து ஒரு பேப்பர்ல சுத்தி வச்சுட்டாரு. திரும்பப் போடல.

திங்கக்கிழம நான் வேலைக்குப் போனேன். கதவு தெறக்கல. செவ்வாக்கிழமையும் போனேன். உள்ள ஆளு நடக்குற சத்தம் கேக்குது. பதினாறு வருஷம் தம்பி. திட்டியிருக்கலாம். செருப்பாலகூட அடிச்சிருக்கலாம், வாங்கிக்கிட்டிருப்பேன். கதவத் தெறக்கல.

தைப்பூசத்தன்னிக்கி வந்தாங்க. ஊரே காவடியோட தண்ணீர்மலைக்குப் போகுது, இவரு வீட்டுல செவத்தப் பாத்து உக்காந்திருக்காரு. தீட்டுப் பட்டவன் எடுக்கக் கூடாதுன்னுட்டாரு. அப்ப வந்து வாசல்ல நிக்கிறாங்க மிஸ்ஸி, கருப்புத் துணியில. என் வீட்டுக்கு அவங்க வந்தது அது ஒரு தடவதான். இவரு நாக்காலி போட்டாரு. கண்ணாடிக் கிளாஸ்ல தேத்தண்ணி குடுத்தேன், குடிச்சாங்க. அவருகிட்ட மலாய்ல, "எங்கள மன்னிச்சுக்கங்க"ன்னாங்க. அவருகிட்ட! அப்புறம் என் பக்கம் திரும்புனாங்க.

"அன்னிக்கி இவரு கழுத்துல மால இருந்துச்சா?"

"இருந்துச்சு மிஸ்ஸி."

"யாரு கழட்டுனது?"

"நான்தான்."

"இவரக் கேட்டியா?"

என்ன கேள்வி பாருங்க. என் புருஷன நான் கேக்கணுமாம்! "என்னையும் நீ கேக்கல"ன்னாங்க. "எங்க அண்ணன் ஓதாமப் போயிருந்தா அது எங்களுக்கும் ஆண்டவனுக்கும் நடுவுல இருந்திருக்கும். நான் அழுதுட்டு ஏத்துக்கிட்டிருப்பேன். இப்ப உங்க வீட்டுலயும் ஒரு வேண்டுதல் ஒடஞ்சு கெடக்கு. அத நான் எங்க கொண்டுபோயித் திருப்பிக் குடுப்பேன் செங்கா?" கொரல ஒசத்தல. உப்பு பத்தலங்கிற மாதிரியே சொன்னாங்க.

நான் விடல. "கேட்டிருந்தா நீங்களும் வேணாம்னுதான் சொல்லியிருப்பீங்க, அவரும் வேணாம்னுதான் சொல்லியிருப்பாரு. அப்ப யாரு செய்யுறது?"ன்னு கேட்டேன்.  அவங்க கிளாஸ வச்சுட்டுப் போயிட்டாங்க. நிஸ்ஸிமுக்கும் சொல்லல, மெனாஷேக்கும் சொல்லல. எழுபத்திநாலுல மெல்பர்னுக்குப் போனாங்க. போறதுக்கு முன்னாடி துறைமுகத்துக்குப் போயி இவருகிட்ட மட்டும் சொல்லிட்டுப் போனாங்களாம். என்கிட்ட இல்ல. நான் யாரு? கைக்கு முத்தம் வாங்குனவ, அவ்வளவுதான்.

எங்களுக்குப் புள்ள இல்ல. பாத்தாலே தெரியுதே, வீடு எப்படி இருக்குன்னு. அந்தக் காவடிதான் காரணம்னு நான் சொல்ல மாட்டேன். ஊருல நாலு பேரு சொன்னாங்க, அவங்க வாய அடைச்சேன். மறுவருஷம் எடுங்க, மூணு முடிச்சுருவோம்னு எத்தன தடவ கெஞ்சியிருக்கேன். வருஷா வருஷம் கெஞ்சினேன். "இல்ல கமலம், வேணாம்" அவ்வளவுதான் பதில். தண்ணீர்ப் பந்தல்ல நின்னு காவடி எடுக்குறவங்களுக்கு மோரு ஊத்துவாரு. தான் எடுக்க மாட்டாரு. நாப்பத்தேழு வருஷம் அவரு அந்த யாஹுடி ரோட்டுப் பாவத்துக்குப் பயந்துதான் எடுக்கலன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்.

ஆறு வருஷத்துக்கு முன்னாடி, ஆஸ்பத்திரியில. நொரையீரல்ல தண்ணி. நாளைக்கோ மறுநாளோன்னு சொல்லிட்டாங்க. கஞ்சி ஊட்டிக்கிட்டு இருக்கேன், மூஞ்சியத் திருப்பிக்கிட்டாரு. அப்புறம் அவராவே பேசுனாரு. வாழ்க்கையிலேயே அன்னிக்கித்தான் அவ்வளவு நீளமாப் பேசுனாரு.

"அன்னிக்கி அந்தக் குழிகிட்ட எல்லாரும் ஆமீன்னாங்க கமலம். என்னால சும்மா நிக்க முடியல. அந்தக் கெழவரு என் கையப் புடிச்சு ஆண்டவன் அனுப்புன ஆளுன்னாரு. பொய்யா நிக்கிறோமேன்னு இருந்துச்சு. பொய்யில்லாம ஆக்க என்கிட்ட என்ன இருக்குன்னு யோசிச்சேன். வேண்டுதல்தான் இருந்துச்சு. முருகா, ரெண்டு வருஷம் எடுத்த காவடி, இந்த வருஷம் இருந்த விரதம், எல்லாப் பலனும் இந்த மனுசனுக்குப் போகட்டும், எனக்கு வேணாம்னு சொல்லித்தான் ஆமீன்னேன். குடுத்தத எப்படித் திரும்பக் கேக்குறது? அதான் எடுக்கல."

சொல்லிட்டுக் கண்ண மூடிக்கிட்டாரு. மனசு பாரம் எறங்கிருச்சு போல, மொகம் தெளிஞ்சு போச்சு. நான் கரண்டியக் கீழ வச்சேன்.

சாகப் போறவருகிட்ட சண்ட போடக் கூடாதுன்னு எல்லாரும் சொல்வாங்க. நான் போட்டேன். அந்த வார்டே திரும்பிப் பாத்துச்சு. நர்சுப் பொண்ணு ஓடி வந்து என்ன இழுத்துக்கிட்டுப் போனா. இன்னிக்கும் செவத்துல மாட்டியிருக்குற அவரு படத்தப் பாத்துத் தெனமும் கேக்குறேன், அவரு பதில் சொல்ல மாட்டேங்குறாரு. நீங்க படிச்சவரு, நீங்க சொல்லுங்க. அந்த வேண்டுதல் அவரு ஒருத்தரோடதா? கோயில்ல ரெண்டு பேரும் சேந்துதானே நின்னோம்? நானுந்தானே தரையில படுத்தேன், நானுந்தானே ஒரு வேள சாப்பிட்டேன்? எனக்கும் சேத்துத்தானே அந்தப் புள்ள? அதத் தூக்கி யாரோ செத்துப் போன மனுசனுக்குக் குடுத்துட்டு வந்தாரே, குடுக்குறதுக்கு முன்னாடி என்ன ஒரு வார்த்த கேட்டாரா தம்பி? கேக்க வேணாமா? பொஞ்சாதிய ஒரு வார்த்த கேக்க வேணாமா?